குற்றத்தடுப்பும் குடிமக்களும்

குற்றங்களைத் தடுப்பது அரசினர் கடமை. அதில் நமக்கென்ன பங்கு எனக் கருதுவோர் பலர். ஆயின், ஊரார் வாய்மூடியிருக்குமிடத்திற் சட்டத்தின் கை எட்டுவதில்லை. இத்தாலி நாட்டுச் சிசிலித் தீவின் வரலாறு இதற்குத் தக்க சான்றாகும்.

அத்தீவின் தலைநகராகிய பலெர்மோவில் மாபியா எனப்படும் மறைக்கூட்டத்தினர் வணிகரிடம் நெடுங்காலமாகக் கப்பம் வாங்கி வந்தனர். மறுத்தவர் கடைப்பூட்டின் துளையை ஓரிரவிற் பசையிட்டு அடைப்பர். அது முதல் எச்சரிக்கை. அதன்பின்னும் இணங்காதவர் கடை தீக்கிரையாகும். கொடுத்தவரோ கொடுத்ததை வெளியிற் கூறார். அச்சமும் மௌனமும் ஒன்றையொன்று வளர்த்தன.

இம்மௌனத்தைக் கலைத்தவர் லிபரோ கிராசி என்னும் ஆடைத் தொழிற்சாலை உரிமையாளர். தாம் கப்பம் கொடுக்கப்போவதில்லை என, கப்பங் கேட்டவனையே விளித்து, 1991 சனவரியில் நாளிதழ் வாயிலாகக் கடிதம் வெளியிட்டார். ஏனைய வணிகர் அவருக்குத் துணைநின்றாரல்லர். அவ்வாண்டு ஓகஸ்ட் 29ஆம் நாட் காலை அவர் தெருவிற் சுட்டுக்கொல்லப்பட்டார். அவர் மறுத்ததனால் மட்டுமன்று, தனித்து மறுத்ததனாலேயே எளிய இலக்கானார் என்பது கருதத்தக்கது.

அக்கொலையின்பின், கப்பத்தை எதிர்த்து இழப்புற்றோர்க்கு உதவும் நிதியம் 1992இற் சட்டத்தால் நிறுவப்பட்டது. அவ்வாண்டு மே மாதத்தில் நீதிபதி பல்கோனே குண்டுவெடிப்பிற் கொல்லப்பட்டபோது, நகரமக்கள் தம் மாடங்களில் வெண்துணிகளைத் தொங்கவிட்டுத் தம் எதிர்ப்பைப் புலப்படுத்தினர்.

2004 யூன் 29ஆம் நாட் காலை, கப்பங் கட்டும் மக்கள் மானமிழந்த மக்களே என்னும் கருத்தமைந்த சிறு தாள்கள் நகரெங்கும் ஒட்டப்பட்டிருந்தன. கடையொன்று தொடங்க எண்ணிய இளைஞர் சிலரின் செயல் அது. அவர்கள் அமைத்த 'அடியோபிற்சோ' இயக்கம், கப்பங் கொடாத கடைகளின் பட்டியலை 2006இல் வெளியிட்டு, அக்கடைகளிலேயே பொருள் வாங்குமாறு மக்களை வேண்டியது. தொடக்கத்தில் ஏறத்தாழ நூறாயிருந்த அக்கடைகளின் தொகை பின்னர் ஆயிரத்தைக் கடந்தது.

ஒருவனை அச்சுறுத்தல் எளிது. ஆயிரவரை அச்சுறுத்தல் அரிது. இதுவே அம்முறையின் உட்பொருள். அம்மக்கள் படைக்கலம் ஏந்தினாரல்லர். தண்டிக்கும் உரிமையைத் தம் கையில் எடுத்தாருமல்லர். முறையிட்டனர், மன்றிற் சான்று பகர்ந்தனர், வாங்குமிடத்தைத் தேர்ந்தனர். கிராசி உயிரோடிருந்த காலத்தில் அவ்வாயிரவர் அவர் பக்கம் நின்றிருப்பின், அவரை இழந்திரார் என்னும் எண்ணமே நம் உள்ளத்தை வருத்துகின்றது.