பார்க்கக் கற்றுத்தரும் வண்ணப் பென்சில்

தொடக்கப்பள்ளியில் முதலாம் ஆண்டு மாணவர்களிடம் ஒரு தாளையும் வண்ணப் பென்சில் பெட்டியையும் கொடுத்துப் பாருங்கள். யாரும் தயங்க மாட்டார்கள். இரண்டு மலைகள், நடுவே ஒரு சூரியன், பக்கத்தில் ஒரு தென்னை மரம் என்று உடனே வரையத் தொடங்கிவிடுவார்கள். அதே மாணவர்கள் இடைநிலைப்பள்ளிக்கு வந்ததும் பலருடைய வண்ணப் பென்சில் பெட்டி மேசை இழுப்பறைக்குள் போய்விடுகிறது. கேட்டால், “எனக்கு வரைய வராது” என்பார்கள். வரைவது திறமைசாலிகளுக்கு மட்டுமே உரியது என்ற எண்ணம் எப்படியோ மனத்தில் புகுந்துவிடுகிறது. அந்த எண்ணம் சரியானதுதானா?

மாலை நேரத்தில் நம் குடியிருப்புப் பகுதித் திடலில் பூப்பந்து விளையாடுபவர்களைப் பார்க்கிறோம். அவர்கள் அனைவரும் உலக வெற்றியாளர்களாக வேண்டும் என்று விளையாடவில்லை. உடல் வியர்க்கிறது, மனம் மகிழ்கிறது. அதுவே அவர்களுக்குப் போதும். ஓவியத்தையும் அவ்வாறே பொழுதுபோக்காகக் கொள்ளலாம். போட்டியும் பரிசும் இல்லாமல், வரைவதில் கிடைக்கும் மகிழ்ச்சிக்காகவே வரையலாம்.

இத்தகைய பொழுதுபோக்குக்கு வண்ணப் பென்சில் மிகவும் ஏற்ற கருவியாகும். தூரிகை, தண்ணீர், கலவைத் தட்டு எதுவும் தேவையில்லை. ஒரு சிறு குறிப்பேடும் பன்னிரண்டு பென்சில்களும் பள்ளிப்பையின் ஓரத்தில் அடங்கிவிடும். பேருந்துக்குக் காத்திருக்கும் பத்து நிமிடத்தில்கூட ஏதேனும் ஒன்றை வரைந்துவிடலாம். சுவரை வைத்துத்தான் சித்திரம் எழுத வேண்டும் என்பார்கள். நமக்குச் சுவர்கூட வேண்டாம். ஒரு தாள் போதும்.

வண்ணப் பென்சிலின் உள்ளே என்ன இருக்கிறது என்று அறிந்துகொண்டால் அதைக் கையாள்வது எளிதாகும். சாதாரணக் கறுப்புப் பென்சிலின் நடுத்தண்டு, காரீயகம் எனப்படும் கிராஃபைட்டையும் களிமண்ணையும் கலந்து, செங்கல்லைப் போலச் சூளையில் சுட்டு உருவாக்கப்படுகிறது. வண்ணப் பென்சிலின் தண்டு அவ்வாறு சுடப்படுவதில்லை. நிறப்பொடியுடன் மெழுகு அல்லது எண்ணெய், பசை, களிமண் போன்றவற்றைச் சேர்த்து, மெல்லிய தண்டாக அழுத்தி உலர்த்துகிறார்கள். ஆகவே, அது மென்மையாக இருக்கும். கீழே விழுந்தால் மரத்துக்கு உள்ளேயே தண்டு ஒடிந்துவிடும். பிறகு எத்தனை முறை சீவினாலும் முனை உதிர்ந்துகொண்டே இருக்கும். தண்டைச் சுற்றியுள்ள மரம் இலேசானதாகவும் சீவுவதற்கு எளிதானதாகவும் இருக்க வேண்டும். நம் நாட்டு மழைக்காடுகளில் வளரும் ஜெலுத்தோங் மரம் அத்தகையது. பென்சில் செய்யப் பயன்படும் மரங்களுள் அதுவும் ஒன்றாகும்.

தாளின் மேற்பரப்பு நம் கண்ணுக்கு வழவழப்பாகத் தோன்றினாலும் அதில் நுண்ணிய மேடு பள்ளங்கள் உண்டு. பென்சிலை மெதுவாகத் தேய்க்கும்போது மேடுகளில் மட்டும் நிறம் படிகிறது. அதன்மேல் வேறொரு நிறத்தைத் தீட்டினால், இரண்டும் சேர்ந்து புதியதொரு நிறமாகத் தெரியும். மஞ்சளின்மேல் நீலம் தீட்டினால் பச்சை கிடைப்பது இவ்வாறுதான். தொடக்கத்திலேயே அழுத்தித் தீட்டிவிட்டால் பள்ளங்களை மெழுகு நிரப்பிவிடும். பிறகு அடுத்த நிறம் ஒட்டாது. அழிப்பானாலும் முழுமையாக அழிக்க முடியாது. எனவே, வண்ணப் பென்சில் பொறுமையைக் கேட்கும் கருவி எனலாம். மெல்லத் தொடங்கி, அடுக்கடுக்காக நிறத்தைக் கூட்டிச் செல்வதே அதன் முறையாகும்.

இதனைப் பயிற்சி செய்து பார்க்க ஒரு சனிக்கிழமை காலையில் பிரிக்பீல்ட்ஸுக்குச் செல்லலாம். செங்கல் சூளைகள் இருந்த இடம் என்பதால்தான் அவ்வட்டாரத்திற்கு அப்பெயர் ஏற்பட்டது. 1881ஆம் ஆண்டில் தீயும் வெள்ளமும் கோலாலம்பூரைப் பாழாக்கின. அதன்பின் மரத்தாலும் அத்தாப்பாலும் ஆன வீடுகளுக்குப் பதிலாகச் செங்கல் கட்டடங்கள் எழுந்தன. அவற்றுக்கு வேண்டிய செங்கற்கள் இங்கே சுடப்பட்டன. செங்கல்லின் நிறம் என்ன? சிவப்பு என்று உடனே சொல்லிவிடுவோம். ஒரு பழைய செங்கற்சுவரின் முன் அமர்ந்து உற்றுப் பார்த்தால் செம்மஞ்சள், பழுப்பு, ஊதா, பாசியின் பச்சை என்று பல நிறங்கள் தெரியத் தொடங்கும். சிவப்புப் பென்சில் ஒன்றினால் மட்டும் அதனைத் தீட்ட முடியாது.

அங்குள்ள பூக்கடையில் தொங்கும் மல்லிகைச் சரம் இதைவிடக் கடினமான பாடத்தைக் கற்பிக்கும். வெள்ளைப் பூவை வெள்ளைத் தாளில் எப்படி வரைவது? பூவைத் தீட்டாமல் அப்படியே விட்டுவிட வேண்டும். பூக்களுக்கு இடையே தெரியும் பச்சையையும் இதழ்களின் ஓரத்தில் விழும் மெல்லிய நிழலையும் மட்டும் தீட்டினால், பூக்கள் தாமாகவே வெள்ளையாக எழுந்து நிற்கும். கேஎல் சென்ட்ரலிலிருந்து கொமுட்டர் இரயிலில் ஒரு நிலையம் தள்ளிச் சென்றால் இதே பாடத்தைப் பெரிய அளவில் காணலாம். கட்டடக் கலைஞர் ஆர்தர் பெனிசன் ஹப்பேக் வடிவமைத்து, 1910இல் கட்டி முடிக்கப்பட்ட பழைய கோலாலம்பூர் இரயில் நிலையம் அங்கே வெள்ளை நிறத்தில் நிற்கிறது. காலை வெயிலில் அதன் வளைவுகளுக்குள் விழும் நிழல் கறுப்பு அன்று. சற்று நேரம் பார்த்தால் அது நீலமும் சாம்பலும் கலந்ததாகத் தெரியும்.

அதே இரயில் தடத்தில் எதிர்த்திசையில் பயணம் செய்தால் கிள்ளானை அடையலாம். தீபாவளிக் காலத்தில் தெங்கு கிளானா சாலையில் நமக்கு நேர்மாறான சிக்கல் ஏற்படும். சேலைகள், வளையல்கள், பலகாரங்கள், மாலைகள் என எங்கு நோக்கினும் நிறங்கள்தாம். எல்லாவற்றையும் வரைய முயன்றால் எதுவும் நிறைவு பெறாது. ஒரே ஒரு வளையல் அடுக்கைத் தேர்ந்தெடுத்து, மூன்றே நிறங்களில் வரைந்து பாருங்கள். தேவையானதை எடுத்துக்கொண்டு மற்றதை விட்டுவிடும் பழக்கமும் ஓவியத்தின் வழி நமக்கு வந்து சேரும்.

இன்று திறன்பேசியில் ஒரு நொடியில் படம் எடுத்துவிடலாமே என்று சிலர் கேட்கலாம். எடுக்கலாம், ஆனால், எடுத்த படத்தை மீண்டும் பார்ப்பவர் சிலரே. அரை மணி நேரம் அமர்ந்து வரைந்த ஒரு கதவின் பூட்டும் துருவும் பல ஆண்டுகள் கழிந்தும் நினைவில் நிற்கும். பிரிக்பீல்ட்ஸில் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டப்பட்ட ‘நூறு குவாட்டர்ஸ்’ என்னும் அரசுத் தொழிலாளர் குடியிருப்பு இருந்தது. பல தலைமுறைக் குடும்பங்கள் அங்கே வாழ்ந்தன. அதன் பெரும்பகுதி இப்போது இடிக்கப்பட்டுவிட்டது. நாம் நாள்தோறும் கடந்து செல்லும் கடையும் மரமும் வீடும் என்றும் அப்படியே இருக்கப் போவதில்லை. அவை இருக்கும்போதே நன்றாகப் பார்த்துக்கொள்ள வரைதல் நமக்கு ஒரு வாய்ப்பைத் தருகிறது.

இவ்வாறு தாம் வாழும் ஊரை நேரில் பார்த்து வரைபவர்கள் உலகெங்கும் இருக்கின்றனர். அமெரிக்காவின் சியாட்டல் நகரில் பணியாற்றிய கேப்ரியல் கம்பனாரியோ என்ற செய்தித்தாள் ஓவியர் 2007இல் ‘அர்பன் ஸ்கெட்சர்ஸ்’ என்னும் இயக்கத்தைத் தொடங்கினார். கோலாலம்பூரிலும் அதன் குழு உண்டு. புகைப்படத்தைப் பார்த்து வரையாமல், அந்த இடத்திலேயே இருந்து வரைவது இவ்வியக்கத்தினரின் முதன்மைக் கொள்கையாகும். தொழில்முறை ஓவியரும் புதிதாகப் பென்சில் பிடிப்பவரும் ஒரே நடைபாதையில் அமர்ந்து வரைவதை இத்தகைய குழுக்களில் காணலாம்.

வரைவதால் மனம் இலேசாகிறது என்பதற்கு ஆய்வுச் சான்றும் உண்டு. அமெரிக்காவின் டிரெக்சல் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கிரிஜா கைமல் குழுவினர் 2016இல் ஓர் ஆய்வினை வெளியிட்டனர். அதில் 39 பேர் 45 நிமிடம் தாங்கள் விரும்பியவாறு வரைதல், களிமண்ணால் உருவம் செய்தல் போன்ற கலை வேலைகளில் ஈடுபட்டனர். அவர்களுள் ஏறத்தாழ 75 விழுக்காட்டினரின் உடலில், மன அழுத்தத்தின்போது சுரக்கும் கார்ட்டிசோல் அளவு குறைந்திருந்தது. முன்பே கலைப் பயிற்சி பெற்றவர்களுக்கும் பெறாதவர்களுக்கும் இதில் பெரிய வேறுபாடு காணப்படவில்லை. இது சிறிய ஆய்வுதான். ஆயினும், நன்றாக வரைபவருக்கு மட்டுமே பயன் கிடைக்கும் என்ற எண்ணத்தை இது அசைத்துப் பார்க்கிறது.

சித்திரம் கைப்பழக்கத்தால் வரும் என்பது நம் முன்னோர் கண்ட உண்மை. கை பழகுவதற்கு முன்பே கண் பழகத் தொடங்கிவிடுகிறது என்பதையும் அதனுடன் சேர்த்துக்கொள்ளலாம். நீங்கள் வரைந்த வளையல் கோணலாக இருக்கலாம், சுவர் சாய்ந்திருக்கலாம். அதனால் குற்றமில்லை. அந்த வளையலையும் சுவரையும் உங்களைப்போல் அன்று வேறு யாரும் உற்றுப் பார்த்திருக்க மாட்டார்கள். மேசை இழுப்பறையில் கிடக்கும் அந்தப் பெட்டியை இன்று மாலையே வெளியே எடுங்கள். முனை மழுங்கியிருந்தால் சீவிக்கொள்ளுங்கள். உங்கள் வீட்டுச் சன்னலில் தெரியும் முதல் பொருளிலிருந்து தொடங்குங்கள்.