கித்துல்கலையிற் கண்ட யப்பானிய நடிகர்

அவிசாவளையிலிருந்து அட்டன் செல்லும் வீதியிலே கித்துல்கல என்னும் சிற்றூர் உளது. அங்கே களனி கங்கைக் கரையில் ஒரு பாலத்தின் அடித்தளச் சிதைவுகளை இன்றும் காணலாம். சயாமின் குவாய் நதிப் பாலமாகத் திரையிலே தோன்றி, 1957இல் வெடிவைத்துத் தகர்க்கப்பட்ட பாலம் அது. டேவிட் லீன் இயக்கிய அப்படத்தைக் கண்டோர் ஆங்கிலேயக் கேணலாக வந்த அலெக் கின்னஸை மறவார். அவரை எதிர்த்து நின்ற யப்பானியக் கேணல் சைட்டோவாக நடித்தவர் யாரென நம் மாணவரை வினவினால் விடை கிடைப்பது அரிது.

செசூ ஹயகாவா என்பது அவர் பெயர். எழுபது வயதை அண்மிய காலத்தில் இலங்கைக்கு வந்த அம்முதியவர், ஊமைப்பட நாளில் ஹொலிவூட்டின் முன்னணி நட்சத்திரங்களுள் ஒருவராய் விளங்கியவர் என்பதை அறிவார் சிலரே.

1915இல் சிசில் டி மில் எடுத்த 'த சீற்' என்னும் படமே அவருக்குப் புகழ் தந்தது. கடன் கொடுத்த வெள்ளை மாதின் தோளிலே இரும்பைக் காய்ச்சிச் சூடிடும் செல்வனாக அவர் அதில் நடித்தார். கைகளை வீசி நடிப்பதே நடிப்பெனக் கருதப்பட்ட அந்நாளில், அவர் முகத்தை அசைக்காது கண்களாற் பேசினார். அமெரிக்க மாதர் மயங்கினர். ஆனால் லொஸ் ஏஞ்சலிஸ் நகர யப்பானியர் கொதித்தெழுந்தனர். தாய்நாட்டிலோ நாட்டுக்கு இழுக்குத் தேடியவர் என்ற வசைமொழியே கிடைத்தது. முதல் உலகப் போரில் யப்பான் அமெரிக்காவின் பக்கம் நின்றமையால், 1918இல் மீண்டும் படம் வெளிவந்தபோது அக்கொடியவனைப் பர்மியனாக்கினர். எழுத்துக்கள் மாறின; முகம் மாறவில்லை. பர்மியர் மனம் நோகுமே என்று எவரும் எண்ணினாரில்லை!

வெள்ளையரும் யப்பானியரும் மணம் புரிவதைக் கலிபோர்னியச் சட்டம் தடுத்த காலம் அது. ஆகவே அவர் படங்களிற் காதல் பெரும்பாலும் தியாகத்திலோ சாவிலோ முடிந்தது. இத்தகைய வேடங்களில் வெறுப்புற்று, 1918இல் ஹவர்த் என்னும் சொந்தப் படக் கம்பெனியை நிறுவினார். அதன் 'த டிராகன் பெயின்ரர்' (1919) படத்தில் யப்பானிய ஓவியனாக, தம் மனைவி சுரு அயோக்கியுடன் நடித்தார். கலிபோர்னியாவின் யொசெமிற்றிப் பள்ளத்தாக்கு அங்கே யப்பானாயிற்று. பிற்காலத்திற் கித்துல்கல சயாம் ஆனதைப் போல.

1922இல் ஹொலிவூட்டை விட்டகன்றார். பின்னர் பிரான்சு, அங்கே போரிலகப்பட்டு, பாரிஸ் நகரில் ஓவியம் விற்றுச் சீவனம் நடத்தினார். போர் முடிந்தபின் ஹொலிவூட் அவரை மீண்டும் அழைத்தது. எதற்கு? 1950இல் வந்த 'த்ரீ கேம் ஹோம்' படத்தில் யப்பானியச் சிறைமுகாம் அதிகாரியாக நடிப்பதற்கு! சைட்டோவும் அவ்வழி வந்த வேடமே. அதற்காகத் துணை நடிகருக்கான ஒஸ்கார் பரிசுக்கு அவர் பெயர் முன்மொழியப்பட்டதாயினும் பரிசு வேறொருவருக்குச் சென்றது. 1973இல் டோக்கியோவிற் காலமானார்.

இப்படத்தை நாம் பன்முறை கண்டுள்ளோம். கைதியின் பிடிவாதத்துக்குப் பணிந்த சைட்டோ, எவரும் காணாதவாறு படுக்கையில் வீழ்ந்து விம்முகிறார். சில கணங்களே நிகழும் காட்சி அது. நாற்பதாண்டுகளுக்கு முன் சூட்டுக்கோல் ஏந்திய வில்லனுக்கு எவரும் அத்தகைய கணமொன்றை அளித்தாரில்லை.