பாகத் தீர்ப்பு: முதல் 30 நாளே முக்கியம்

நயினார்கோவில் வட்டாரத்தில் நெல்லும் குண்டு மிளகாயும் வடகிழக்குப் பருவமழையை நம்பியே விளைகின்றன. பாக வழக்கில் சிக்கிய நிலத்தில் உழுவாரில்லை. ஓரிரு ஆண்டு கரம்பாகக் கிடந்தால் சீமைக் கருவேல் மண்டிவிடும். வழக்கு முடிந்து தவறான தீர்ப்பு வந்தால், எப்போது, எங்கே முறையிடுவது என்று அறியாமல் உரிய பங்கை இழப்போரும் உண்டு.

இரண்டு தீர்ப்புகள்

பாக வழக்கில் கோர்ட்டு பொதுவாக இரண்டு கட்டமாகத் தீர்ப்புக் கூறும். யாருக்கு எத்தனை பங்கு என்று சொல்வது முதல்நிலைத் தீர்ப்பு. கமிஷனர் சர்வேயருடன் வந்து அளந்த பின், எந்தத் துண்டு யாருக்கு என்று சொல்வது இறுதித் தீர்ப்பு.

முதல் தீர்ப்பு வந்தபோது சும்மா இருந்துவிட்டு, நிலம் அளக்க வரும்போது வக்கீலைத் தேடுவதில் பயனில்லை. முதல்நிலைத் தீர்ப்பின் மீது அப்பீல் செய்யாதவர், இறுதித் தீர்ப்பின் அப்பீலில் அந்தப் பங்கு விகிதத்தைக் குறை கூற முடியாது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 97-வது பிரிவு இதைத் தடுக்கிறது. கிணறு, பாதை, மேட்டு நிலம், பள்ள நிலம் பிரித்த விதத்தைப் பற்றி மட்டுமே அப்போது பேசலாம்.

கெடு எவ்வளவு?

முன்சீப் கோர்ட்டுத் தீர்ப்பின் மீது மேல் கோர்ட்டில் அப்பீல் செய்ய 30 நாள் கெடு. உயர் நீதிமன்றத்தில் அப்பீல் செய்ய 90 நாள். இராமநாதபுரம் மாவட்டத்துக்கு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையே இடம். இரண்டாவது அப்பீல் முக்கியமான சட்டப் பிரச்சினை இருந்தால் மட்டுமே ஏற்கப்படும்.

தீர்ப்பு நகல் பெற ஆகும் நாட்கள் கெடுவில் கழிக்கப்படும். ஆகவே தீர்ப்பானதும் நகல் மனு போடுவது நன்று. தாமதமானால் தக்க காரணம் காட்ட வேண்டும். அப்பீல் செய்வதாலேயே தீர்ப்பு நின்றுவிடாது. தடை உத்தரவு தனியே பெற வேண்டும்.

ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பானால், அதை ரத்துச் செய்ய அதே கோர்ட்டில் 30 நாளில் மனுச் செய்யலாம். சம்மன் முறைப்படி சேரவில்லை என்றால், தீர்ப்பு தெரிந்த நாளிலிருந்து கணக்கு. சம்மதித்துப் பெற்ற ராஜித் தீர்ப்புக்கு அப்பீல் இல்லை. அதில் மோசடி நடந்திருந்தால் தீர்ப்பளித்த கோர்ட்டிலேயே முறையிட வேண்டும்.

பெண்களின் பங்கு

இந்து கூட்டுக் குடும்பப் பூர்வீகச் சொத்தில், 1989 மார்ச் 25-க்கு முன் மணமாகாத பெண்களுக்குத் தமிழ்நாட்டுச் சட்டம் சம பங்கு தந்தது. 2005-ம் ஆண்டின் மத்தியச் சட்டத் திருத்தம் மணமான பெண்களுக்கும் அதை வழங்கியது. 2005-ல் தந்தை உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020-ல் உச்ச நீதிமன்றம் கூறியது. 2004 டிசம்பர் 20-க்கு முன் பதிவுப் பத்திரம் அல்லது கோர்ட்டுத் தீர்ப்பு மூலம் முடிந்த பாகப்பிரிவினையை இச்சட்டம் தொடாது.

ஆந்திரத்தில் ஒரு குடும்பத்தில் 1999-லேயே முதல்நிலைத் தீர்ப்பாகிவிட்டது. ஆனால் இறுதித் தீர்ப்பு ஆகவில்லை. புதிய சட்டப்படி பங்கைத் திருத்தக் கேட்ட சகோதரிகளுக்கு 2011-ல் உச்ச நீதிமன்றம் சாதகமாகத் தீர்ப்பளித்தது. இறுதித் தீர்ப்பு ஆகாதவரை வழக்கு முடிந்ததாகாது என்பதே காரணம்.

நிலம் தரிசாக வேண்டாம்

அப்பீல் நடக்கும்போது யார் பயிரிடுவது, விளைச்சலை எப்படிப் பிரிப்பது என்று பங்காளிகள் எழுதி வைத்துக் கொள்ளலாம். ஒத்து வராவிடில் கோர்ட்டிடம் இடைக்கால உத்தரவு கேட்கலாம். அடங்கல், தீர்வை ரசீதுகளைப் பத்திரப்படுத்த வேண்டும். வக்கீல் வைக்க வசதியில்லாதோர் வட்ட சட்டப் பணிகள் குழுவை அணுகலாம். பெண்களுக்கு வருமான வரம்பின்றி அங்கு இலவச உதவி உண்டு.