3 லட்சம் கடனுக்கு ஐந்தரை லட்சம்: வீட்டுக் கடனின் முழுக் கணக்கு

வங்கியில் வீட்டுக் கடன் கேட்டுப் போகிறவர் முதலில் விசாரிப்பது மாதம் எவ்வளவு கட்ட வேண்டும் என்பதைத்தான். அந்தத் தொகை சம்பளத்தில் அடங்குமா என்று பார்ப்பது நியாயமே. ஆனால் வீடு கடைசியில் என்ன விலைக்கு வந்து முடிகிறது என்பதை மாதத் தவணை சொல்லாது. அதைத் தீர்மானிப்பவை மூன்று: கடன் காலம், வட்டி விகிதம், அசல் எவ்வளவு சீக்கிரம் குறைகிறது என்பது.

மலாக்காவின் அலோர் காஜா, ஜாசின் வட்டாரத் தோட்டங்களில் பிறந்து வளர்ந்த பல தமிழ்க் குடும்பங்களுக்கு இது பழக்கமில்லாத கணக்கு. லயத்து வீடு தோட்ட நிர்வாகத்துக்குச் சொந்தம். வேலை இருக்கும்வரை குடியிருக்கலாம். வேலை முடிந்தால் காலி செய்ய வேண்டும். ஆயர் குரோ தொழிற்பேட்டை, பத்து பெரண்டாம் தொழிற்சாலைகள், மாநில அரசு அலுவலகங்கள் என்று பிள்ளைகள் வேலைக்கு வந்த பிறகு, சுற்றுவட்டாரத் தாமான்களில் வீடு வாங்கிய தலைமுறைதான் அந்தக் குடும்பங்களில் முதன்முதலாக வங்கிக்கு 30, 35 ஆண்டு கடன்பட்டது.

தவணை பிரியும் விதம்

விளக்கத்துக்காக, ஆயர் குரோவில் 335,000 ரிங்கிட்டுக்கு ஒரு மாடி வீடு வாங்கப்படுவதாக வைத்துக்கொள்ளலாம். முன்பணம் 35,000. மீதி 3 லட்சம் ரிங்கிட்டை வங்கி தருகிறது. வட்டி ஆண்டுக்கு 4 விழுக்காடு, காலம் 35 ஆண்டு. மாதத் தவணை 1,328.32 ரிங்கிட்.

வீட்டுக் கடனில் வட்டி, மிச்சமிருக்கும் அசலின் மீது போடப்படுகிறது. முதல் மாதம் 3 லட்சத்துக்கும் வட்டி உண்டு. அது சரியாக 1,000 ரிங்கிட். கட்டிய 1,328 ரிங்கிட்டில் 328 மட்டுமே கடனைக் குறைக்கிறது. அடுத்த மாதம் அசல் சற்றுக் குறைந்திருப்பதால் வட்டியும் ஒரு ரிங்கிட்டுக்குச் சற்று அதிகமாக இறங்கும், அசலுக்குப் போகும் பங்கு அதே அளவு ஏறும். இந்த ஏற்றம் மிக மெதுவாக நடக்கிறது. தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவது 18ஆம் ஆண்டில்தான்.

பத்து ஆண்டு ஒரு மாதமும் தவறாமல் கட்டியவர் வங்கிக்குக் கொடுத்தது ஏறக்குறைய 159,400 ரிங்கிட். அப்போதும் பாக்கி 251,650 ரிங்கிட் இருக்கும். அதாவது, பத்தாண்டு உழைப்பில் கடன் குறைந்தது 48,350 ரிங்கிட்தான். வங்கி ஏமாற்றிவிட்டதாகப் பலர் நினைப்பது பாக்கிக் கணக்கை முதன்முதலாகப் பார்க்கும் இந்தக் கட்டத்தில்தான். உண்மையில் இது கையெழுத்திட்ட நாளிலேயே முடிவாகிவிட்ட கணக்கு.

காலம் நீண்டால்

வீட்டுக் கடனை அதிகபட்சம் 35 ஆண்டுக்குத்தான் கொடுக்கலாம் என்று மத்திய வங்கியான பேங்க் நெகாரா 2013 ஜூலையில் வரம்பு விதித்தது. அதற்குமுன் 45 ஆண்டு வரை கடன் கிடைத்தது. அதே 3 லட்சத்துக்கு, அதே 4 விழுக்காட்டில், காலத்தை மட்டும் மாற்றினால் கணக்கு இப்படி அமையும்:

20 ஆண்டு: மாதம் 1,818 ரிங்கிட், மொத்த வட்டி 136,300
25 ஆண்டு: மாதம் 1,584 ரிங்கிட், மொத்த வட்டி 175,050
30 ஆண்டு: மாதம் 1,432 ரிங்கிட், மொத்த வட்டி 215,600
35 ஆண்டு: மாதம் 1,328 ரிங்கிட், மொத்த வட்டி 257,900

முப்பதிலிருந்து முப்பத்தைந்துக்குப் போவதால் மாதம் மிச்சமாவது 104 ரிங்கிட். அதற்குக் கொடுக்கும் விலை 42,000 ரிங்கிட்டுக்கும் மேல். 35 ஆண்டுக் கணக்கில் மொத்தம் கட்டுவது 557,900 ரிங்கிட்.

சிறிய கடனுக்கும் இதே விதிதான். குறைந்த வருமானமுள்ள தோட்டத் தொழிலாளர்கள் மலிவு விலை வீடு வாங்க, 35 ஆண்டு வரம்புக்கு முன்பே அரசாங்க நிதியில் பேங்க் சிம்பானான் நேஷனல் வழியாக ஒரு கடன் திட்டம் வகுக்கப்பட்டது. அதிகபட்சம் 60,000 ரிங்கிட், வட்டி 4 விழுக்காடு, காலம் 40 ஆண்டு; தகப்பன் தொடங்கியதைப் பிள்ளை கட்டி முடிக்கலாம். தவணை ஏறக்குறைய 251 ரிங்கிட் என்பதால் தோட்டச் சம்பளத்தில் அதைச் சமாளிக்க முடியும். ஆனால் 40 ஆண்டும் கட்டினால் மொத்தம் 120,400 ரிங்கிட் ஆகிவிடும், அதாவது வாங்கியதைப் போல் இரு மடங்கு. வட்டி மலிவாக இருந்தாலும் காலம் நீளும்போது விலை ஏறத்தான் செய்யும்.

மாறும் வட்டி

மலேசியாவில் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2022 ஆகஸ்ட் 1 முதல் கொடுக்கப்படும் கடன்களுக்கு ‘எஸ்பிஆர்’ எனும் தரப்படுத்தப்பட்ட அடிப்படை விகிதம் அளவுகோல். இது பேங்க் நெகாரா நிர்ணயிக்கும் ‘ஓபிஆர்’ எனும் கொள்கை வட்டி விகிதத்தோடு சேர்ந்தே ஏறி இறங்கும். அதன்மேல் வங்கி தன் பங்காக ஒரு கூடுதல் விகிதத்தை வைக்கும். எஸ்பிஆர் 2.75, வங்கியின் கூடுதல் 1.25 என்றால் மொத்தம் 4 விழுக்காடு. எஸ்பிஆரைக் கடன் வாங்குபவரோ வங்கியோ மாற்ற முடியாது. வங்கியின் கூடுதலோ கடன் பெறும் நேரத்தில் பேரம் பேசக்கூடியது; ஒப்பந்தமானபின் கடன் முடியும்வரை பெரும்பாலும் அப்படியே இருக்கும். 4 விழுக்காட்டுக்குப் பதில் 4.25 என்று அமைந்தால் 35 ஆண்டில் 19,000 ரிங்கிட் அதிகம் போகும்.

ஓபிஆர் எவ்வளவு அசையும் என்பதற்கு அண்மைக் காலமே சான்று. கோவிட் காலத்தில், 2020 ஜூலையில், அது 1.75 விழுக்காட்டுக்கு இறங்கியது. 2022 மே மாதம் ஏறத் தொடங்கி, 2023 மே மாதம் 3 விழுக்காட்டைத் தொட்டது. 2025 ஜூலையில் 2.75 ஆகக் குறைந்தது. ஒன்றேகால் விழுக்காடு ஏற்றம் என்றால், 3 விழுக்காட்டு வட்டியில் 1,155 ரிங்கிட்டாக இருக்கும் தவணை 4.25 விழுக்காட்டில் 1,374 ஆகிவிடும். குறைந்த வட்டிக் காலத்தில் சம்பளத்தின் விளிம்புவரை கடன் வாங்கியவர்களுக்கு இந்த 219 ரிங்கிட் பெரிய சுமை.

இந்தக் கணக்கை யாரும் தாமே போட வேண்டியதில்லை. கடனுக்கு விண்ணப்பிக்கும்போது வங்கி கொடுக்கும் பொருள் விளக்கத் தாளில் அது அச்சாகியிருக்கும். இன்றைய வட்டியில் மாதத் தவணை, மொத்த வட்டி, மொத்தமாகத் திருப்பிக் கட்டும் தொகை. வட்டி 1 விழுக்காடு ஏறினால் எவ்வளவு, 2 விழுக்காடு ஏறினால் எவ்வளவு என்று ஒரு கட்டம் இருக்கும். அவசரமாகக் கையெழுத்திடும்போது பலரும் புரட்டிவிட்டுப் போகும் பக்கம் அது.

இஸ்லாமிய முறைக் கடன்களில் ‘விற்பனை விலை’ என்று ஒரு பெரிய தொகை ஒப்பந்தத்திலேயே இருக்கும். அது உச்சவரம்பு விகிதத்தில் போடப்பட்ட கணக்கு. நடப்பு விகிதம் அதைவிடக் குறைவாக இருந்தாலோ, கடனை முன்கூட்டியே தீர்த்தாலோ, ‘இப்ரா’ எனும் தள்ளுபடியாக வித்தியாசம் கழிக்கப்படும்.

வட்டிக்கு வெளியே

வீட்டின் பெயரை மாற்ற முத்திரை வரி உண்டு: விலையில் முதல் 100,000 ரிங்கிட்டுக்கு 1 விழுக்காடு, அடுத்த 400,000க்கு 2 விழுக்காடு. 335,000 ரிங்கிட் வீட்டுக்கு 5,700 ரிங்கிட் வரும். கடன் ஒப்பந்தத்துக்கு 0.5 விழுக்காடு, அதாவது 1,500 ரிங்கிட். முதல் வீடு வாங்குவோருக்கு 500,000 ரிங்கிட் வரையிலான வீட்டுக்கு அண்மை ஆண்டுகளில் இந்த இரண்டிலும் அரசு விலக்கு அளித்து வருகிறது. வழக்கறிஞர் கட்டணம் 2023ஆம் ஆண்டு விதிப்படி முதல் 500,000க்கு 1.25 விழுக்காடு, விற்பனை ஒப்பந்தத்துக்கு ஒன்று, கடன் ஒப்பந்தத்துக்கு ஒன்று என இரண்டு கட்டணம்.

கடன் வாங்கியவர் இறந்தாலோ நிரந்தர ஊனமடைந்தாலோ பாக்கியைத் தீர்க்கும் காப்புறுதிதான் ‘எம்ஆர்டிஏ’. அதன் சந்தாவைக் கையிலிருந்து கட்டாமல் கடனோடு சேர்த்துவிடுவது சகஜம். 8,000 ரிங்கிட் சந்தாவை அப்படிச் சேர்த்தால் 35 ஆண்டில் அது ஏறக்குறைய 14,900 ரிங்கிட்டாகும். காப்புறுதி தேவையானதுதான். அதற்கும் 35 ஆண்டு வட்டி கட்டுவதைத் தவிர்க்கலாம்.

கூடுதலாகக் கட்டினால்

வட்டி மிச்ச அசலின் மீது போடப்படுவதால், தொடக்க ஆண்டுகளில் கூடுதலாகக் கட்டும் ஒவ்வொரு ரிங்கிட்டுக்கும் பலன் அதிகம். 1,328 ரிங்கிட்டோடு மாதம் 100 சேர்த்துக் கட்டினால் கடன் ஏறக்குறைய 30 ஆண்டில் முடியும். 41,000 ரிங்கிட் வட்டி மிச்சம். மாதம் 200 சேர்த்தால் 26 ஆண்டு 8 மாதத்தில் முடியும், மிச்சம் 70,000. போனஸ் பணம் 10,000 ரிங்கிட்டைக் கடன் தொடங்கும்போதே அசலில் கட்டினால் ஏறக்குறைய 28,600 ரிங்கிட் வட்டி குறையும். அதே 10,000ஐ 25 ஆண்டு கழித்துக் கட்டினால் 5,000 கூடக் குறையாது.

ஆனால் கூடுதல் பணம் அசலுக்குப் போகிறதா என்று பார்க்க வேண்டும். சாதாரணத் தவணைக் கடன்களில், ஒன்றும் சொல்லாமல் அதிகம் கட்டினால், சில வங்கிகள் அதை அடுத்த மாதத் தவணைக்கான முன்பணமாக வரவு வைக்கும். அப்போது அசல் குறையாது, வட்டியும் குறையாது. அசலைக் குறைக்கவே கட்டுவதாக எழுத்தில் சொல்லிவிடுவது நல்லது. ‘ஃபிளெக்ஸி’ கடனில் நடப்புக் கணக்கில் கிடக்கும் பணமே அசலைக் குறைத்துக் காட்டும். வேண்டும்போது எடுத்துக்கொள்ளலாம், அதற்கு மாதாந்திரக் கட்டணம் இருக்கலாம். முதல் மூன்று அல்லது ஐந்து ஆண்டுக்குள் கடனை முழுதாகத் தீர்த்தால் அபராதம் என்ற நிபந்தனையும் பல ஒப்பந்தங்களில் உண்டு.

இதற்கு நேர்மாறானது தவணையைத் தள்ளிப்போடுவது. கோவிட் காலத்தில், 2020 ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை, ஆறு மாதத்துக்குத் தவணை நிறுத்திவைக்கப்பட்டது. வேலை இழந்தவர்களுக்கு அது மூச்சுவிட இடம் தந்தது. ஆனால் வீட்டுக் கடனில் வட்டி நிற்கவில்லை. 3 லட்சம் பாக்கிக்கு 4 விழுக்காட்டில் ஆறு மாத வட்டி 6,000 ரிங்கிட்.

மறுகடனிலும் கவனம் வேண்டும். பத்தாண்டு கட்டியபின், பாக்கி 251,650 ரிங்கிட்டை அதே வட்டியில் மீண்டும் 35 ஆண்டுக்கு நீட்டினால் தவணை 1,114 ரிங்கிட்டாகக் குறையும். இரண்டு கடனுக்கும் சேர்த்து வீட்டுக்குக் கட்டியது 627,400 ரிங்கிட்டாக உயரும். முத்திரை வரியும் வழக்கறிஞர் கட்டணமும் தனி.

கட்ட முடியாமல் போனால்

தவணை தொடர்ந்து நின்றால் வங்கி வீட்டை ‘லெலோங்’ எனும் ஏலத்தில் விடலாம். ஏலத்தில் எடுக்க ஆளில்லாவிட்டால் அடுத்த ஏலத்தில் ஒதுக்கீட்டு விலையைக் குறைப்பது வழக்கம். ஏலப் பணம் பாக்கிக்குப் போதாவிட்டால் குறையும் தொகைக்குக் கடன் வாங்கியவரே பொறுப்பு. முதல் பத்தாண்டில் அசல் மெதுவாகக் குறைவதால் இந்த ஆபத்து அப்போதுதான் அதிகம். தவணை தவறும் நிலை வரும் முன்பே வங்கியிடமோ, 2006இல் பேங்க் நெகாரா அமைத்த ஏகேபிகே ஆலோசனை அமைப்பிடமோ போவது பலன் தரும். ஏகேபிகே ஆலோசனைக்குக் கட்டணம் வாங்குவதில்லை.

விலைவாசியும் சேமநிதியும்

257,900 ரிங்கிட் வட்டி என்பதை அப்படியே இழப்பாக எடுத்துக்கொள்வதும் சரியன்று. விலைவாசி ஆண்டுக்கு 2.5 விழுக்காடு ஏறினால், 35 ஆண்டு கழித்துக் கட்டும் 1,328 ரிங்கிட்டின் இன்றைய மதிப்பு 560 ரிங்கிட்தான். வாடகை ஏறும், தவணை விலைவாசியோடு ஏறாது.

ஊழியர் சேமநிதியிலிருந்து பணம் எடுத்துக் கடனைக் குறைப்பதிலும் இதே எடைபோடுதல் வேண்டும். 2024 மே முதல் சேமநிதி மூன்று கணக்குகளாகப் பிரிக்கப்பட்டது. வீட்டுக் கடனுக்கு அவற்றில் ஒன்றான அக்காவுன் செஜாத்ராவிலிருந்து பணம் எடுக்கலாம். ஆனால் சேமநிதியின் வழக்கமுறை லாப ஈவு 2023இல் 5.50 விழுக்காடு, 2024இல் 6.30 விழுக்காடு. இவ்வளவு ஈட்டும் பணத்தை எடுத்து 4 விழுக்காட்டுக் கடனை அடைப்பது கணக்கில் லாபமில்லை. கையிலிருக்கும் சேமிப்பு வங்கியில் 2, 3 விழுக்காட்டில் கிடந்தால், அதைக் கொண்டு அடைப்பதே லாபம்.

இறுதியாகப் பார்க்க வேண்டியது வயது. பொதுவாக வங்கிகள் 70 வயது வரை கடன் காலத்தை நீட்டுகின்றன. தனியார் துறையில் குறைந்தபட்ச ஓய்வு வயது 2013 ஜூலை முதல் 60. 35 வயதில் 35 ஆண்டுக் கடன் வாங்கியவர் 60 வயதில் வேலையை விடும்போது, 25 ஆண்டு தவறாமல் கட்டிய பிறகும், 131,200 ரிங்கிட் பாக்கி வைத்திருப்பார். சம்பளம் நின்றபின் அது சேமநிதியிலிருந்துதான் போக வேண்டும். 60 வயதுக்குள் கடன் முடிய வேண்டுமானால் தொடக்கத்திலேயே 25 ஆண்டுக் காலத்தை எடுக்கலாம். அல்லது, 35 ஆண்டுக்கு எடுத்துவிட்டு மாதம் 256 ரிங்கிட் கூடுதலாக அசலில் கட்டிவரலாம். இரண்டுக்கும் கணக்கு ஒன்றே. இரண்டாவது வழியில், கை வறண்ட மாதத்தில் தவணையைப் பழையபடி 1,328 ரிங்கிட்டுக்கு இறக்கிக்கொள்ளும் வசதி இருக்கிறது.