முன்கண்ணாடிக்கு நீர் தரும் சிறு தொட்டி

ஹட்டனிலிருந்து நோர்வூட் வழியாகப் பொகவந்தலாவைக்குச் செல்லும் பாதை, காசல்ரீ நீர்த்தேக்கத்திற்கு நீர் கொணரும் கெசல்கமு ஓயாவின் பள்ளத்தாக்கை ஒட்டி வளைந்து வளைந்து செல்கின்றது. இருமருங்கும் தேயிலைச் செடிகள் பச்சைக் கம்பளம் விரித்தாற்போல் தோன்றும். காண்பதற்கு இனிய பாதைதான். ஆனால் வண்டியோட்டுவதற்கு எளிய பாதையன்று. வைகாசி தொடங்கிப் புரட்டாதி வரையில் தென்மேற்குப் பருவக்காற்று கொணரும் மழையும் மூடுபனியும் மலையை மறைக்கும். தை, மாசி மாதங்களில் வெயில் காயும்போதோ தோட்டப் பாதைகளின் செம்புழுதி எழுந்து எங்கும் படியும். நடைபாதை என ஒன்று தனியே இல்லாத இப்பாதைகளின் ஓரத்திலேதான் கொழுந்தெடுக்கப் போகும் பெண்களும் பாடசாலைக்குப் போகும் பிள்ளைகளும் நடந்து செல்கின்றனர்.

இத்தகைய பாதையில் எதிரே வரும் லொறியொன்று பள்ளத்தில் இறங்கி, அங்கே தேங்கிய சேற்றை ஒரு காரின் முன்கண்ணாடியில் வாரி இறைத்துவிடுகின்றது என வைத்துக்கொள்வோம். சாரதி உடனே துடைப்பானை இயக்குகின்றார். நீர் பாய்ந்தால் இரண்டு வீச்சிலே கண்ணாடி தெளியும். நீர் இல்லையெனில், துடைப்பான் சேற்றை அகற்றுவதில்லை. சாணம் மெழுகிய திண்ணைபோலக் கண்ணாடி முழுவதும் அதனைப் பூசிவிடுகின்றது. மணிக்கு 30 கிலோமீற்றர் வேகத்தில் மெல்லச் செல்லும் வண்டியும் மூன்று விநாடியில் 25 மீற்றர் தூரம் கடந்துவிடும். அந்த 25 மீற்றரும் கண்ணைக் கட்டிக்கொண்டு ஓடிய தூரமே ஆகும். ஆகவே, கண்ணாடி கழுவும் நீரைத் தாங்கி நிற்கும் பிளாஸ்டிக் தொட்டியை அற்பப் பொருளென எண்ணுதல் தவறு. அது வெடித்தால், சற்றுக் கைப்பழக்கமும் பொறுமையும் உள்ள எவரும் வீட்டிலேயே அதனை மாற்றிவிடலாம் என்பதும் அறியத்தக்கது.

முன்கண்ணாடியைத் துடைக்கும் கருவிக்கு 1903ஆம் ஆண்டிலேயே அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தைச் சேர்ந்த மேரி அண்டர்சன் என்னும் பெண்மணி காப்புரிமை பெற்றார். பனி பெய்த நாளொன்றில் நியூயோர்க் நகரின் டிராம் வண்டிச் சாரதி, பாதையைக் காண்பதற்காகச் சன்னலைத் திறந்துவைத்துக் குளிரில் நடுங்கியதைக் கண்டதே அவருடைய எண்ணத்திற்கு வித்தாயிற்று. ஆயினும் துடைப்பானுக்குத் துணையாக நீர் பீச்சும் ஏற்பாடு பரவுவதற்குப் பல்லாண்டுகள் சென்றன. 1950ஆம் ஆண்டுகளில் இலங்கைப் பாதைகளில் ஓடிய பிரித்தானியச் சிறு கார்கள் பலவற்றில் அது தனியே வாங்கிப் பொருத்தும் பொருளாகவே இருந்தது. குமிழ் ஒன்றைக் கையால் அழுத்த, பொனற்றின் கீழுள்ள போத்தலிலிருந்து நீர் பாயும். 1968ஆம் ஆண்டு தொடக்கத்திலிருந்து அமெரிக்கா தன் நாட்டில் விற்கப்படும் புதிய கார்களுக்கு இதனைக் கட்டாயமாக்கியது.

இன்றைய ஏற்பாடு எளியது. பொனற்றின் கீழோ, முன்சில்லுக்கும் பம்பருக்கும் இடையிலுள்ள ஒதுக்கிலோ ஒரு தொட்டி இருக்கும். அதன் அடிப்பாகத்தில் இரப்பர் வளையமொன்றினுள் சிறிய மின்பம்பு செருகப்பட்டிருக்கும். சாரதி நெம்பை இழுத்ததும் பற்றரியின் மின் அப்பம்பைச் சுழற்ற, நீர் மெல்லிய குழாய் வழியே ஏறிப் பீச்சுமுனைகளினூடாகக் கண்ணாடியில் விழும். தொட்டி, பம்பு, குழாய், பீச்சுமுனை என்னும் இந்நான்கில் எது கெட்டாலும் நீர் வராது. எனவே, நீர் வரவில்லை என்றதும் தொட்டியை வாங்க ஓடுதல் கூடாது. நோய் எதுவென அறிந்த பின்னரே மருந்து தேடவேண்டும்.

நெம்பை இழுக்கும்போது பம்பின் ஓசை கேட்கின்றதா என்பதை முதலில் கவனித்தல் வேண்டும். ஓசையே இல்லையெனில் பழுது பியூசிலோ, மின்னிணைப்பிலோ, பம்பிலோ இருக்கலாம். ஓசை கேட்டும் நீர் வரவில்லையெனில் தொட்டி வறண்டிருக்கலாம், குழாய் கழன்றிருக்கலாம், அல்லது பீச்சுமுனையைத் தூசி அடைத்திருக்கலாம். அடைத்த முனையை மெல்லிய ஊசியினால் குத்தித் துப்புரவாக்கினால் போதும். நிரப்பிய நீர் ஓரிரு நாளில் தானே மறைந்துபோனால் மட்டுமே கசிவைத் தேடவேண்டும். வண்டியின் கீழே உலர்ந்த செய்தித்தாள்களை விரித்து, தொட்டியை நிரப்பி, சிறிது நேரம் காத்திருந்தால் ஈரம் விழும் இடம் புலப்படும். பம்பு செருகிய இடத்தில் மட்டும் சொட்டினால் புதிய இரப்பர் வளையமே போதுமானது. நீர் ஒரு மட்டத்திற்கு இறங்கி, அதன்பின் இறங்காது நின்றால் அம்மட்டத்திலேயே வெடிப்பு உள்ளதென அறியலாம்.

தொட்டிகள் வெடிப்பதற்குத் தோட்டப் பாதைகளும் ஒரு காரணம். நீர் நிறைந்த தொட்டியின் பாரம் முழுவதையும் இரண்டு மூன்று பிளாஸ்டிக் காதுகளே தாங்குகின்றன. கற்களிலும் குழிகளிலும் வண்டி ஓயாது குலுங்க, அக்காதுகளின் அடியில் நுண்ணிய பிளவு தோன்றும். எந்திரத்தின் வெப்பத்தினால் ஆண்டுக்கணக்கில் முறுகிய பிளாஸ்டிக், பம்பரில் படும் சிறு மோதலுக்கும் தாங்காது.

வெடிப்பைப் பசையால் ஒட்டிவிடலாமே எனப் பலரும் முயல்வதுண்டு. அம்முயற்சி பெரும்பாலும் வீணாவதற்குக் காரணம் உண்டு. இத்தொட்டிகள் பொலித்தீன் இனத்தைச் சேர்ந்த பிளாஸ்டிக்கினால் ஆனவை. 1933ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் நோர்த்விச் நகரிலுள்ள ஐ.சி.ஐ. ஆய்வுகூடத்தில், வேறொன்றைத் தேடிய சோதனையின்போது தற்செயலாகக் கிடைத்த பொருள் அது. எளிதில் உடையாமை, இரசாயனங்களால் அரிக்கப்படாமை ஆகிய அதன் நற்குணங்களோடு, வேறெதனையும் தன்மேல் பற்றவிடாத குணமும் சேர்ந்தே உள்ளது. சேம்பிலையில் நீர் ஒட்டாதவாறு, சாதாரணப் பசை அதன்மீது பிடிப்பதில்லை. ஒட்டியதுபோல் தோன்றி, அடுத்த குலுக்கலிலே உரிந்துவிடும். உருக்கி ஒட்டுவதற்குத் தனிக் கருவியும் பயிற்சியும் தேவை. ஆதலால் தொட்டியை மாற்றுதலே நன்று.

புதிய தொட்டி வாங்கும்போது காரின் பெயரைச் சொன்னால் மட்டும் போதாது. ஒரே பெயருடைய காரிலும் உற்பத்தியாண்டுக்கேற்பத் தொட்டியின் வடிவம் மாறும். பின்கண்ணாடிக்கும் நீர் செலுத்தும் வண்டிகளில் பம்பு இரண்டு இருக்கலாம்; நீர்மட்டம் உணர்த்தும் சிறு கருவிக்கெனத் தனித் துளையும் இருக்கலாம். ஆதலின் வண்டியின் சட்டக இலக்கத்தைக் குறித்துச் செல்லவேண்டும். இயலுமாயின் பழைய தொட்டியையே கழற்றி எடுத்துச் செல்லவேண்டும். கொழும்பில் பஞ்சிகாவத்தைப் பகுதியின் உதிரிப்பாகக் கடைகளில் பாவித்த தொட்டிகளும் கிடைக்கும். அவற்றை வாங்குவோர், நீரூற்றிப் பார்த்த பின்பே பணம் கொடுத்தல் நலம்.

மாற்றும் வேலைக்கு வேண்டியவை சில ஸ்பானர்கள், திருப்புளி, வாளி, துணி ஆகியனவே. வண்டியை நிறுத்துவதற்குச் சமதரை தேவை. லயத்து வாசல் பெரும்பாலும் சரிவாகவே இருக்கும். பிரட்டுக்களம் போன்ற தட்டையான இடமே ஏற்றது. மழைக்காலத்தில் புல்தரையைத் தவிர்த்தால் அட்டைக்கடியிலிருந்தும் தப்பலாம். எந்திரம் ஆறியிருக்க வேண்டும். கைத்தடையை இழுத்து, பின்சில்லுகளுக்குக் கல் அல்லது கட்டை அண்டைகொடுத்து, பற்றரியின் எதிர்முனை இணைப்பைக் கழற்றியபின் வேலையைத் தொடங்கவேண்டும்.

தொட்டி பொனற்றின் கீழேயே வெளிப்படையாக இருந்தால் வேலை அரைமணி நேரத்துக்குள் முடியும். சில்லுக்கு முன்னே மறைந்திருந்தால், தொட்டி உள்ள பக்கத்துக்கு எதிர்ப்பக்கமாக ஸ்டியரிங்கை முழுவதும் திருப்பவேண்டும். சில்லின் முன்விளிம்பு உள்ளே ஒதுங்கி, கை நுழைய இடம் உண்டாகும். சில்லைக் கழற்ற நேர்ந்தால் ஜாக்கியை மட்டும் நம்பி எவரும் வண்டியின் கீழே தலையையோ கையையோ நீட்டலாகாது. உறுதியான தாங்கியை வைத்து, வண்டியின் பாரம் அதன்மேல் அமர்ந்ததை உறுதிசெய்த பின்னரே கீழே செல்லவேண்டும். ஒரு சிறு தொட்டிக்காக உயிரைப் பணயம் வைத்தல் அறிவுடைமையாகாது. பம்பர் முழுவதையும் கழற்றினாலன்றித் தொட்டியை எடுக்க இயலாத வண்டிகளும் உள்ளன. காற்றுப்பை உணரிகள், கமராக்கள் முதலியன முன்புறத்தில் அமைந்த அத்தகைய வண்டிகளைத் தேர்ந்த மெக்கானிக்கிடம் ஒப்படைப்பதே முறை.

சில்லின் மேலுள்ள பிளாஸ்டிக் காப்புத் தட்டின் ஆணிகளை ஒவ்வொன்றாக நெம்பி எடுத்து, எடுத்த ஒழுங்கிலேயே அடுக்கிவைக்கவேண்டும். கழற்றுமுன் கைத்தொலைபேசியில் படம் பிடித்துக்கொண்டால் மீண்டும் பூட்டும்போது மயக்கம் நேராது. பின்னர் பம்பின் மின்னிணைப்பை விடுவிக்கவேண்டும். கம்பியைப் பிடித்து இழுக்காது, பூட்டை அழுத்தி முனையைப் பிடித்தே இழுக்கவேண்டும். வாளியைக் கீழே வைத்துக் குழாயைக் கழற்றினால் எஞ்சிய நீர் அதில் வடியும். அந்நீரைக் குடிநீர் எடுக்கும் பீலியின் அருகிலோ ஓடையிலோ கொட்டலாகாது. இறுதியாக, தொட்டியைத் தாங்கும் ஆணிகளைக் கழற்றி, அதனை மெல்ல அசைத்து வெளியே எடுக்கலாம்.

பழைய பம்பு நன்றாக இருந்தால் அதனையே புதிய தொட்டிக்கு மாற்றலாம். அதன் வாயிலுள்ள சிறு வடிகட்டியைக் கழுவி, இரப்பர் வளையத்தைப் புதிதாக இடுதல் நலம். வளையம் எளிதில் நுழைவதற்குச் சவர்க்கார நீர் தடவினால் போதும். எண்ணெயும் கிரீசும் சிலவகை இரப்பரை உப்பவைத்துக் கெடுக்கும். ஆணிகளை முதலில் கையினால் திருகிப் பொருத்தி, பின்னர் அளவோடு இறுக்கவேண்டும். அளவுக்கு மீறி இறுக்கினால் புதிய தொட்டியின் காது அன்றைக்கே பிளந்துவிடும். காப்புத் தட்டை மூடுமுன் தொட்டியை நிரப்பிக் கசிவு உண்டா எனச் சோதிப்பது அவசியம். மூடிய பின் கசிவைக் காண்பவர் முழு வேலையையும் இரண்டாம் முறை செய்யவேண்டியவராவார். பம்பினுள் நீர் சேராது நீண்டநேரம் ஓடவிட்டால் அது வெந்துபோகும் என்பதும் நினைவில் இருத்தற்குரியது.

இனி, தொட்டியில் ஊற்றுவது எதனை என்னும் வினா எழுகின்றது. ஓடை நீரை அள்ளி ஊற்றுவது எளிது; ஆயினும் அதிலுள்ள மணலும் பாசியும் பம்பையும் முனையையும் அடைக்கும். வடித்த தூயநீருடன், அதற்கெனக் கடையில் விற்கும் கழுவுதிரவத்தைக் குறிப்பிட்ட அளவில் கலத்தலே சிறந்தது. இதில் உடல்நலம் பற்றிய செய்தியும் ஒன்று உண்டு. லெஜியனெல்லா என்னும் பக்டீரியா வெதுவெதுப்பான தேங்குநீரில் பெருகி, நுண்துளிகளாக மூச்சுடன் உட்சென்றால் கடும் நிமோனியாவை உண்டாக்கும். 2010ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் பொதுச் சுகாதார ஆய்வாளர்கள் வெளியிட்ட ஆய்வொன்று, கழுவுதிரவம் கலவாமல் வண்டியோட்டியவர்களிடையே அந்நோய் கூடுதலாகக் காணப்பட்டதை எடுத்துக்காட்டியது.

மறுபுறம், கழுவுதிரவங்களிலும் ஆபத்து உண்டு. குளிர்நாடுகளில் நீர் உறையாதிருக்கச் சேர்க்கப்படும் மெதனோல் கொடிய நஞ்சு. சிறிதளவு உட்கொண்டாலும் கண்பார்வையைப் பறிக்கும், உயிரையும் கொல்லும். மலிவான மதுவுக்குப் பதிலாக அதனைக் குடித்தோர் மாண்டதனால், 2018ஆம் ஆண்டில் ஐரோப்பிய ஒன்றியம் பொதுமக்களுக்கு விற்கும் கழுவுதிரவத்தில் மெதனோலின் அளவை மிகக் கடுமையாகக் கட்டுப்படுத்தி விதி இயற்றியது. ஆகவே மெதனோல் அற்ற திரவத்தையே கேட்டு வாங்கவேண்டும். நீல நிறத் திரவம் குழந்தைகளின் கண்ணுக்குச் சர்பத்தாகத் தோன்றும். அதனைச் சோடாப் போத்தலில் ஊற்றிவைக்கும் வழக்கம் அறவே ஒழியவேண்டும். எந்திரத்தைக் குளிர்விக்கும் நீர்த்தொட்டியும் அருகிலேயே இருக்குமாதலால், கண்ணாடியும் நீர்த்துளிகளும் பொறித்த மூடியைப் பார்த்துத் தெரிந்துகொண்டே ஊற்றவேண்டும்.

புதிய தொட்டி வந்துசேரும் வரையில் வண்டி ஓட்டியே ஆகவேண்டும் என்ற நிலை வாடகை வண்டிக்காரருக்கு நேரலாம். அப்போது ஒரு போத்தல் தண்ணீரும் சுத்தமான துணியும் கூடவே இருக்கவேண்டும். கண்ணாடி மங்கியதும் பாதையோரத்தில் நிறுத்திக் கழுவிவிட்டுச் செல்வதால் இழக்கும் இரண்டு நிமிடம் பெரிதன்று.

தொட்டியை மாற்றுவதற்கு ஒரு முற்பகல் போதும். அதன்பின் வாரம் ஒருமுறை பொனற்றைத் திறந்து நீர்மட்டத்தைப் பார்த்தலும், காலையில் புறப்படுமுன் நெம்பை ஒருமுறை இழுத்துப் பார்த்தலுமே தொடர்ந்து செய்யவேண்டியவை. மூடுபனி இறங்கும் காலைவேளையில், வளைவுக்கு அப்பால் வெள்ளைச் சீருடையுடன் நடந்துவரும் பிள்ளையைச் சாரதி உரிய நேரத்தில் காண்பதும் காணாது விடுவதும் சில வேளைகளில் அத்தொட்டியிலுள்ள ஒரு குவளை நீரைப் பொறுத்தே அமைகின்றது.