பாதை விலகியது, பூ பிழைத்தது

அமெரிக்காவின் நியூ ஹாம்ப்ஷயர் மாநிலத்தில் இருக்கும் வெள்ளை மலைகளுக்கு என்னோடு வருபவர்களிடம் ஒன்றைத்தான் திரும்பத் திரும்பச் சொல்வேன்: “கல்லைப் பார்த்துக் கால் வையுங்கள், மண்ணை மிதிக்காதீர்கள்.” மன்றோ சிகரத்தின் அடிவாரத்தில், சுமார் 5,000 அடி உயரச் சரளை மேட்டில் வாழும் ராபின்ஸ் சிங்க்ஃபாயில் என்ற சின்னஞ்சிறு செடிக்காகத்தான் இந்த வேண்டுதல். ரோஜா குடும்பத்தைச் சேர்ந்த இது, இந்த மலைத்தொடரைத் தவிர உலகில் வேறெங்கும் தானாக முளைப்பதில்லை.

முழுச் செடியுமே ஐந்து ரூபாய் நாணயத்தளவுதான் இருக்கும். மும்மூன்றாகப் பிரிந்த இலைகள் ரோமம் அடர்ந்து தரையோடு ஒட்டிக் கிடக்கும். ஜூனில் ஐந்து இதழ்களோடு மஞ்சள் பூ பூக்கும். பக்கத்து வாஷிங்டன் சிகரத்தில் 1934இல் மணிக்கு 372 கிலோமீட்டர் வேகத்தில் காற்று வீசியது. அப்படிப்பட்ட மலையில் இதைத் தாங்கிப் பிடிப்பது ஆழ இறங்கும் ஆணிவேர். கருவுறாமலேயே விதை கட்டும். அந்த விதையும் தாய்ச்செடியின் காலடியிலேயே விழும். அதனால் ஓரிடத்தில் அழிந்தால், வேறிடத்திலிருந்து வந்து முளைப்பது அரிது.

காற்றுக்குத் தாக்குப்பிடித்த செடி மனிதரிடம் தோற்கத் தொடங்கியது. 1819இல் வெட்டிய கிராஃபோர்டு பாதை இது வாழும் இடத்தின் நடுவே ஓடியது. போதாததற்குத் தாவரச் சேகரிப்பாளர்கள் வேரோடு பிடுங்கிப் போனார்கள். பழைய உலர்தாவரத் தாள் ஒன்றைப் பார்த்திருக்கிறேன்: ஒரே தாளில் வரிசையாகப் பல செடிகள், ஒவ்வொன்றிலும் வேர் முழுசாக. நெஞ்சு கனத்துவிட்டது.

1980இல் இதை அழியும் நிலையில் உள்ள இனமென்று அமெரிக்க அரசு அறிவித்தது. 1983இல் பாதையை வேறு பக்கம் திருப்பி, செடிகள் இருந்த இடத்தைக் கற்சுவரால் மறித்தார்கள். மலையேற்றச் சங்கத்தினர் காவல் நின்று வருவோருக்கு விளக்கினார்கள். காட்டுப்பூக் கழகத்தினர் மலையிலிருந்து எடுத்த விதையை நாற்றாக்கி, அதே மலைத்தொடரின் ஃபிராங்கோனியா முகட்டிலும் நட்டார்கள். செடிகள் 14,000ஐத் தாண்டின. 2002இல் அழியும் நிலையில் உள்ள இனங்களின் பட்டியலிலிருந்து இது நீக்கப்பட்டது.

காட்டை மீட்கப் பெரும் பணமும் பெரிய கருவிகளும் வேண்டுமென்று மலைத்துப் போகிறோம். இங்கே முதல் தேவை, நாம் ஒதுங்கி நடப்பதாக இருந்தது. எந்த மலைக்குப் போனாலும் போட்ட பாதையை விட்டு இறங்காதீர்கள்; படம் எடுப்பதற்காகக்கூட வேண்டாம்.