ஆமைக்குட்டி வளர்க்கும் வீட்டில் கைக்குழந்தை இருக்கிறதா?

"பிள்ளை ஆசைப்படுகிறான், தொட்டியில் ஒரு ஆமைக்குட்டி விடலாமா?" என்று என்னிடம் சிலர் கேட்பதுண்டு. ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளை இருக்கும் வீட்டிற்கு அது வேண்டாம் என்பதே எனது பதில்.

ஆமை, ஓணான், பாம்பு, தவளை போன்றவற்றின் குடலில் சல்மொனெல்லா என்ற பக்றீரியா இயல்பாகவே வாழக்கூடியது. பெரும்பாலும் அது அவற்றை நோயாளியாக்குவதில்லை. ஆகவே ஆமை சுறுசுறுப்பாக நீந்துகிறது என்பதற்காக அதில் கிருமி இல்லை என்று நம்பிவிட முடியாது. எச்சத்துடன் வெளியேறும் கிருமி தொட்டி நீரிலும் ஆமையின் ஓட்டிலும் படிந்து, கைவழியாக வாய்க்குள் போகிறது.

சிறுவர்கள் பெருமளவில் பாதிக்கப்பட்டதால், 4 அங்குலத்திற்குக் குறைந்த ஓடுள்ள ஆமைகளைச் செல்லப்பிராணியாக விற்பதை அமெரிக்கா 1975 இல் தடைசெய்தது. ஆமையைத் தொடாத கைக்குழந்தைக்கும், அதைத் தொட்ட பெரியவரின் கைமூலம் தொற்றலாம்.

பொதுவாக 6 மணித்தியாலம் முதல் 6 நாட்களுக்குள் காய்ச்சல், வயிற்றுவலி, வயிற்றோட்டம் தொடங்கும். பலருக்கு ஒரு வாரத்தில் சுகமாகும். கைக்குழந்தைகளுக்கும் முதியவர்களுக்கும் நோயெதிர்ப்பு குறைந்தவர்களுக்கும் கிருமி இரத்தத்தில் கலந்தால் உயிராபத்து ஏற்படலாம்.

ஏற்கெனவே வளர்ப்பவர்கள் தொட்டியைக் குசினியிலோ கிணற்றடியிலோ கழுவாதீர்கள். அதற்கெனத் தனி வாளி வைத்திருங்கள். தொட்டபின் சவர்க்காரமிட்டுக் கை கழுவுங்கள்.

பிள்ளைக்கு வயிற்றோட்டம் வந்தால் ஜீவனி கொடுங்கள். மலத்தில் இரத்தமோ கடும் காய்ச்சலோ இருந்தால் உடனே வைத்தியசாலைக்குக் கொண்டுசெல்லுங்கள். வீட்டில் ஆமை இருப்பதையும் வைத்தியரிடம் மறக்காமல் சொல்லுங்கள்.